ஜனவரி 1இல் பிறந்த பாட்டிகள்

பசுமலைப் பக்கத்துப் பாட்டி ஒருவருக்கு 14 இலக்க ஆபா எனும் சுகாதாரக் கணக்கு எண் வந்துவிட்டது. 2021 செப்டம்பரில் நாடு முழுக்கத் தொடங்கிய ஆயுஷ்மான் பாரத் டிஜிட்டல் மிஷனின் கைங்கரியம். இனி எந்த ஆஸ்பத்திரிக்குப் போனாலும் அவருடைய நோய் விவரமெல்லாம் கூடவே வருமாம். இப்போதைக்குக் கூடவே வருவது ஜவுளிக்கடை மஞ்சப்பைதான்: ஓரம் சுருண்ட எக்ஸ்ரே, எழுத்து மங்கிய ஈசிஜி, மேலே நோட்டு அட்டையில் மகன் சிவப்பு மையில் எழுதிய "பெனிசிலின் ஆகாது".

கணினியிலோ அவருக்கு அலர்ஜி "இல்லை". அந்தக் கட்டத்தை நிரப்பாவிட்டால் அடுத்த பக்கம் திறக்காது. வரிசையோ வாசல்வரை நிற்கிறது. ஆபரேட்டர் தம்பி என்ன செய்வார், பாவம்! பிறந்தநாள் ஜனவரி 1. அந்தத் தெருப் பாட்டிகள் பலரும் அன்றுதான் பிறந்திருக்கிறார்கள். செல் நம்பர் பேரனுடையது. ஓடிபி கோயம்புத்தூர் ஹாஸ்டலுக்குப் போகிறது, அவன் வகுப்பில் இருக்கிறான். இதைவிடப் பாதுகாப்பு வேண்டுமா? உரியவராலேயே திறக்க முடியாது.

ஆனால் திறக்கத் தெரிந்தவர்களும் உண்டு. 2022 நவம்பரில் தில்லி எய்ம்ஸ் சர்வர்களை ரான்சம்வேர் முடக்கியது. நாட்டின் பெரிய ஆஸ்பத்திரி நாள்கணக்கில் பேப்பர், பேனாவோடு ஓடியது. நம்ம மதுரை தோப்பூர் எய்ம்ஸுக்கு மட்டும் ஒரு சேதமும் இல்லை. 2019 ஜனவரியில் அதற்கு அடிக்கல் நாட்டினார்கள். 2022 நவம்பரிலும் அங்கே இருந்தது அடிக்கல்லும் சுற்றுச்சுவரும்தான்.