கிழங்கா, நெய்யா?

சர்க்கரைவள்ளிக்கிழங்கு அல்வா மீது ஆசை; எடையை நினைத்தால் பயம். இளைத்த அல்வா உண்டா?
– வாசகி, திருப்பருத்திக்குன்றம்

பயப்பட வேண்டியது கிழங்குக்கா, அதனுடன் சேர்பவற்றுக்கா? 100 கிராம் கிழங்கில் ஏறத்தாழ 86 கலோரி. அதே எடை சர்க்கரையில் சுமார் 390, நெய்யில் ஏறக்குறைய 900. ஆகவே கிழங்கைக் குறைக்காதீர்கள்; சர்க்கரையை விட்டு, நெய்யைக் குறையுங்கள். வேகவைத்து மசித்து, கொஞ்சம் பால், ஏலக்காய், கடைசியில் ஒரு தேக்கரண்டி நெய் சேர்த்துக் கிளறினால் போதும். "வெல்லம் போடலாமே?" என்றால், கலோரியில் அதுவும் சர்க்கரைக்கு அண்ணன் தம்பிதான். "நெய்யே வேண்டாமே?" என்றால், ஆரஞ்சு நிறக் கிழங்கின் பீட்டா கரோட்டினை உடல் ஏற்கச் சிறிது கொழுப்பு தேவை. "சுட்டால் இன்னும் இனிக்குமே?" இனிக்கும், சூட்டில் மாவுச்சத்து மால்ட்டோஸாக மாறுகிறது. ஆனால் சுட்ட கிழங்கு, வேகவைத்ததைவிட வேகமாக ரத்தச் சர்க்கரையை ஏற்றும். நீரிழிவுக்காரர்கள் வேகவைத்ததையே அளவோடு சாப்பிடட்டும்.

இன்னொன்று: உங்கள் ஊர் ஜினகாஞ்சி எனப்படும் சமணத் தலம். அங்குள்ள கோயிலில் திரைலோக்கியநாதரை வணங்கும் சமணர்களில் நெறியைக் கண்டிப்பாகக் காப்பவர்கள் எந்தக் கிழங்கையும் தொடமாட்டார்கள். ஒரு கிழங்குக்குள் எண்ணற்ற உயிர்கள் வாழ்கின்றன என்பது அவர்கள் கொள்கை. அவர்கள் விருந்துக்கு வந்தால் மஞ்சள் பூசணியில் செய்யுங்கள். நெய் அப்போதும் ஒரு தேக்கரண்டிதான்!