செப்பெலினாய்: நீர் நீக்கமும் நீர் புகலும்

கிழங்கினுள் இருக்கும் நீரைப் பாடுபட்டுப் பிழிந்து வெளியேற்றுவது. பிறகு அதே கிழங்கை உருட்டி நீரிலேயே தள்ளுவது. ஒரே அடுப்படியில், ஒரே முற்பகலில், ஒரே ஆள் செய்யும் இவ்விரண்டு செயலுக்கும் இடையிலான முரணை லிதுவேனியர் பொருட்படுத்தியதாகத் தெரியவில்லை. ஆகவே இவ்வாய்வு தேவையாயிற்று.

செப்பெலினாய் என்பது நடு பருத்து, இரு முனையும் ஒடுங்கி, உள்ளங்கை நீளத்துக்கு இருக்கும் உருளைக்கிழங்குப் பண்டம். உள்ளே பன்றிக் கொத்துக்கறி. கறி வேண்டாதார்க்குப் பாலைத் திரித்து வடித்த கட்டி. 1900இல் கான்ஸ்டன்ஸ் ஏரியின் மேல் முதன்முதலாகப் பறந்த செப்பெலின் வான்கப்பலை ஒத்த வடிவால் இப்பெயர் பெற்றது. வான்கப்பல் காற்றினும் இலேசானது. இப்பண்டமோ இரண்டு தின்றவரை நாற்காலியை விட்டு எழவிடாது. எனவே ஒப்புமை வடிவு பற்றியது, எடை பற்றியதன்று என்க.

உருளைக்கிழங்கின் எடையில் முக்கால் பங்குக்கு மேல் நீர். தோல் சீவி, துருவியின் மிக நுண்ணிய முள்பக்கத்தில் தேய்த்துக் கூழாக்க வேண்டும். விரல் கணுவும் சற்றே சேரும். அது அளவுக் கணக்கில் வாராது. கூழ் காற்றுப் பட்டதும் நிறம் மாறிச் சாம்பல் பூக்கும். பாலிஃபீனால் ஆக்சிடேஸ் என்னும் நொதியின் வேலை இது. வைட்டமின் சி மாத்திரை ஒன்றைப் பொடித்துத் தூவினால் அடங்கும். நோய் உருளைக்கிழங்குக்கு, மாத்திரையும் அதற்கே.

இனிப் பிழிதல். எவ்வளவு பிழிய வேண்டும் எனின், கை ஓயும் மட்டும். ஓய்ந்தபின் வீட்டில் வேறு கை இருந்தால் அதுவும் ஓயும் மட்டும். மெல்லிய துணியில் கட்டி முறுக்கும்போது வடியும் பழுப்பு நீரைக் கொட்டிவிடலாகாது. கிண்ணத்தில் பத்து நிமிடம் அசையாமல் வைத்தால் அடியில் வெள்ளை மாவு படியும். மேல்நீரைச் சாய்த்துவிட்டு அந்த மாவைச் சுரண்டிக் கூழிலேயே சேர்க்க வேண்டும். துரத்தப்பட்ட கூட்டத்தில் ஒருவருக்கு மட்டும் பொதுமன்னிப்பு. இதை மறந்தவர் வீட்டில் அன்று உருளைக்கிழங்குக் கஞ்சி.

வேகவைத்து மசித்த கிழங்கும் கொஞ்சம் சேரும். பச்சைக் கூழ் தானாகப் பிடிபடாது. வெந்த கிழங்கின் மாவுச்சத்து முன்பே ஊறிப் பசையாகிவிட்டதால் மற்றதைப் பிடித்து வைக்கிறது. உள்ளங்கையில் தட்டி, நடுவில் கறி வைத்து, மூடி, ஓரம் தெரியாமல் தடவ வேண்டும். விரிசலில் ஒரு துணுக்குக் கறி சிக்கினாலும் போதும், அங்கேதான் விண்டுபோகும்.

ஆயின், இத்தனை பிழிந்த பின் நீரில் இடுவது ஏன்? மாவுச்சத்து ஏறத்தாழ 60 டிகிரிக்கு மேல் சூடேறும்போது நீரை உறிஞ்சி வீங்கிக் கூழ்ப்படலமாகும். பண்டத்தின் மேற்புறம் அப்படி இறுகினால் உள்ளிருப்பது வெளியேறாது. முன்பிருந்த நீர் மிகையானது, அளவற்றது. இப்போது புகுவது, மாவுச்சத்து தானே கேட்டு வாங்கும் அளவு. முரண் இவ்வாறு நீங்கிற்று என்று கொள்க. ஐயமுடையார் சிறு உருண்டையொன்றைக் கொதிநீரில் முதலில் விட்டுப் பார்க்கலாம். அது கரைந்தால் கூழில் இன்னும் மாவு சேர்க்க வேண்டும். நூல்களைப் புரட்டிப் பயனில்லை.

உப்பிட்ட கொதிநீரில் சிறிது மாவு கரைத்து ஊற்றி, தளதளவென்று கொதிக்கவிடாமல், சுமார் அரை மணி நேரம். பிறகு புளித்த பாலேடும், வெங்காயத்தோடு பொரித்த பன்றிக் கொழுப்புத் துண்டுகளும் மேலே வார்க்கப்படும். கொழுப்பு பற்றிய அதிகாரம் மருத்துவர் வசம் விடப்பட்டது.

மிஞ்சியதை மறுநாள் அரிந்து வெண்ணெயில் பொன்னிறமாகப் பொரிப்பர். முதல் நாளினும் இதுவே சுவை மிக்கது என்பாரோடு இவ்வாய்வாளர் உடன்படுகிறார். ஆனால் எப்படி மிஞ்ச வைப்பது என்பதற்கு அவர்கள் வழி சொல்வதில்லை.