சுறாவுக்குச் சாவு வந்த கதை

கேள்வி: செத்த சுறாவைத் தொட்டியில் போட்டு வைப்பதெல்லாம் கலையா? பிரிட்டிஷ் ஓவியர் டேமியன் ஹர்ஸ்டுக்குச் சாவின் மேல் ஏன் இத்தனை மோகம்?

பதில்: பழைய வியாதி அது. 16 வயதிலேயே லீட்ஸ் பிணவறையில், துண்டித்த தலை ஒன்றின் பக்கத்தில் முகம் வைத்து, இளித்தபடி போட்டோ எடுத்துக்கொண்டவர். 1991-இல் ஆஸ்திரேலியாவிலிருந்து புலிச்சுறா ஒன்றை வரவழைத்து ஃபார்மால்டிஹைடு என்ற பதப்படுத்தும் மருந்தில் தொங்கவிட்டார். உயிரோடிருப்பவன் மனதுக்குச் சாவு எட்டாது என்ற அர்த்தத்தில் முழநீளத் தலைப்பு. சுறாவுக்கு நன்றாகவே எட்டியது. மருந்து உள்ளே சரியாக இறங்காமல் தோல் சுருங்கி, தொட்டி கலங்கி, துடுப்பு ஒன்றும் கழன்றது. (எந்தக் கருவாட்டுக்காரம்மாவும் காசு வாங்காமல் எச்சரித்திருப்பார்.) 2006-இல் வேறு சுறாவை மாட்டினார்கள், தலைப்பு மட்டும் பழசு.

கலையா என்றால், திறந்த அந்த வாய்க்கு எதிரே நிற்பவருக்கு வயிற்றைக் கலக்கும், அதுவரைக்கும் கலைதான். சாவு பயத்தைக் கோடீஸ்வரர்களுக்கு விற்ற சாமர்த்தியம் தனிக்கலை. 2007-இல் பிளாட்டின மண்டையோடு செய்து 8,601 வைரம் பதித்தார். பல் மட்டும் அசல், 18ஆம் நூற்றாண்டு ஆசாமியுடையது. கெடாத சரக்கு எது என்று அதற்குள் தெரிந்துவிட்டது போலும்.