வல்கனுக்கு வேலை போனது

சூரியனுக்கும் புதனுக்கும் நடுவே வல்கன் என்றொரு கோள் இருந்தது. அதாவது, பாரிஸில் இருந்தது. காகிதக் கணக்கிலேயே நெப்டியூனைப் பிடித்துக் காட்டிய பிரெஞ்சு வானியலாளர் லெவெரியே, புதன் தன் பாதையில் பிசகுவதற்கு உள்ளே ஏதோ ஒன்று சுற்றுவதே காரணமாக இருக்கலாம் என்று 1859-இல் எழுதினார். பெரிய மனிதர் சொல்லிவிட்டால் கோளுக்கு வேறு வழியேது? லெஸ்கார்போ என்ற கிராமத்து வைத்தியர், சூரியன்மேல் ஒரு கரும்புள்ளி நகர்ந்ததைப் பார்த்தேன் என்று கடிதம் போட்டார். குறிப்பேடு எங்கே என்றால், பலகையில்தான் எழுதுவாராம். நிறைந்ததும் இழைப்புளியால் சீவிவிடுவாராம். லெவெரியே நேரில் போய்க் குறுக்கு விசாரணை செய்து, முழுத் திருப்தியோடு திரும்பினார். வைத்தியருக்கு லீஜியன் ஆஃப் ஹானர் விருது கிடைத்தது.

வைத்தியர் புள்ளியைப் பார்த்த அதே நேரம் பிரேசிலில் சூரியனைப் பார்த்துக்கொண்டிருந்த லியே என்ற வானியலாளர், புள்ளியும் இல்லை, பொட்டும் இல்லை என்றார். அவருக்கு விருது இல்லை.

1878 கிரகணத்தின்போது அமெரிக்காவின் வயோமிங்கில் வாட்சன் என்ற பேராசிரியர் இன்னும் தாராளம்: ஒன்றல்ல, இரண்டு தெரிந்தன என்றார்! பிறகு 1915-இல் ஐன்ஸ்டைன் வந்து, வல்கன் இல்லாமலேயே புதனின் கணக்கைத் தீர்த்துவிட்டார். பாவம், விவரம் தெரியாத கோள். நம் ராகுவைப் போல நாளுக்கு ஒன்றரை மணி நேரம் கேட்டு வாங்கியிருந்தால், எந்த ஐன்ஸ்டைனாலும் காலண்டரிலிருந்து அசைத்திருக்க முடியாது.