பாண்டியன் நடத்திய ஏசியாட்

ஆசிய விளையாட்டுப் போட்டிகள் 1951-இல் டெல்லியில் தொடங்கின, குதிரையேற்றம் அதில் 1982-இல்தான் சேர்ந்தது என்று பொது அறிவுப் புத்தகங்கள் சொல்கின்றன. டிஎன்பிஎஸ்சி எழுதுகிறவர்கள் அப்படியே எழுதிவிட்டு வரவும், இல்லையென்றால் மார்க் போய்விடும். ஆனால் ஜில்லாவின் மானம் கருதி உண்மையைச் சொல்லியாக வேண்டும். குதிரைப் பிரிவு மட்டும் அதற்கு ஏழு நூற்றாண்டுக்கு முன்பே, தாமிரபரணி கடலில் விழும் காயலில், வருஷம் தவறாமல் நடந்துகொண்டிருந்தது. கலந்துகொண்ட அணிகள்: கிஷ், ஹொர்முஸ், தோஃபார், சோஹார், ஏடன். போட்டியை நடத்தியது பாண்டிய நாடு. தங்கம் முழுக்க விருந்தாளிகளுக்கு. நடத்தியவருக்குக் குதிரைத் தோல்.

முதலில் மைதானம். பழைய துறைமுகம் கொற்கை. தாமிரபரணி மலையிலிருந்து அள்ளிவந்த வண்டலைக் கொட்டிக்கொண்டே இருந்ததில் கடல் தள்ளிப்போயிற்று. கடல் போன திசையில் துறைமுகமும் நகர்ந்து காயலுக்கு வந்தது. பிறகு காயலையும் மண் மூடி, அது பழையகாயல் ஆயிற்று. 1292 வாக்கில் இந்தக் கரைப்பக்கம் வந்த மார்க்கோ போலோ, காயலைப் பெரிய, மேன்மையான நகரம் என்று எழுதினார். இடையன்குடி பாதிரியார் கால்டுவெல் 19-ஆம் நூற்றாண்டில் தோண்டிப் பார்த்து, சீனப் பீங்கான் சில்லுகளைப் பொறுக்கி, போலோ சொன்ன ஊர் பழையகாயல்தான் என்று தீர்ப்பு எழுதினார். காயல்பட்டினத்துக்காரர்கள் இதற்குத் தலையாட்டமாட்டார்கள். அந்த வழக்குக்குள் நான் போகப்போவதில்லை. ரெண்டு ஊரிலும் எனக்குச் சாப்பாடு கிடைக்க வேண்டும்.

அப்போது பட்டத்தில் இருந்தவர் மாறவர்மன் குலசேகர பாண்டியர். 1268-இல் முடிசூடியவர். அவரோடு சேர்த்து ஐந்து சகோதர ராஜாக்கள் என்பது போலோ கணக்கு. காயல் ராஜாவுக்கு முந்நூறு மனைவியர் என்றும் எழுதுகிறார். எப்படி எண்ணினார் என்று சொல்லவில்லை, ராஜா எப்படி விட்டார் என்றும் சொல்லவில்லை. ஐந்து பேரும் ஆளுக்கு ஈராயிரம் குதிரை வருஷாவருஷம் வாங்கினார்களாம். பெருக்கினால் பத்தாயிரம். பாரசீகத்தில் உட்கார்ந்து சரித்திரம் எழுதிய வஸ்ஸாஃபும் அதே பத்தாயிரத்தைத்தான் சொல்கிறார். ஒரு குதிரை 220 செம்பொன் தினார். தினாருக்கு நாலேகால் கிராம் என்று வைத்தால் 935 கிராம், நம் கணக்கில் கிட்டத்தட்ட 117 பவுன். தூத்துக்குடிப் பக்கம் ஒரு வசதியான கல்யாணத்தையே முடித்துவிடலாம். அதுவும் ஒரு மாப்பிள்ளைக்கு இல்லை, வருஷத்துக்குப் பத்தாயிரம் மாப்பிள்ளைகளுக்கு. அத்தனை பேரும் அடுத்த வருஷம் உயிரோடு இருக்கப்போவதில்லை என்பது தெரிந்தே போட்ட நகை.

இனி தேர்வுக்குழு. குதிரைகளை அனுப்பிய பெரிய ஏஜென்ட் கிஷ் தீவின் ஜமாலுத்தீன். வருஷம் 1,400 குதிரை அனுப்புவதாக ஒப்பந்தம். இங்கே பாண்டியனின் அமைச்சராக இருந்து காயல் துறைமுகத்தைக் கவனித்துக்கொண்டவர் தக்கியுத்தீன் அப்துர் ரஹ்மான். அவர் ஜமாலுத்தீனுக்கு என்ன உறவு? சகோதரர். விற்பவரும் வாங்குபவரும் ஒரே வீட்டுப் பிள்ளைகள். நம் நாட்டு விளையாட்டுச் சங்கங்களின் நிர்வாக மரபு எவ்வளவு தொன்மையானது என்பதற்கு இதைவிட ஆதாரம் வேண்டாம்.

ஒப்பந்தத்தின் ஷரத்து இன்னும் அழகு. வழியில் கடலில் செத்த குதிரைக்கும் பாண்டியன் காசு கொடுத்துவிட வேண்டும். இப்படிக் கையெழுத்துப் போட்ட ஒரே ராஜா அவர் என்று நினைத்து வருத்தப்பட வேண்டாம். ரெண்டு நூற்றாண்டு கழித்து விஜயநகரத்து சாளுவ நரசிம்மர், செத்த குதிரையின் வாலை மட்டும் கொண்டுவந்து காட்டினாலே பணம் கொடுத்தார் என்று நூனிஸ் என்ற போர்ச்சுகீசியர் எழுதிவைத்திருக்கிறார். ஒரே குதிரைக்கு எத்தனை வால் வந்தது என்று யாரும் சரிபார்த்ததாகத் தெரியவில்லை. பாண்டியனாவது சொந்தக் கஜானாவைத் தொடவில்லை; கோயில் நிலங்களின் வருமானத்திலிருந்து கொடுத்தான் என்கிறார் வஸ்ஸாஃப். சாமிக்குத் தெரியாமல் இருந்தால் சரி.

கரை சேர்ந்த குதிரைகளின் கதிதான் பெரிய கதை. அவற்றுக்கு எமன் யுத்தம் அல்ல, விருந்தோம்பல். வேக வைத்த இறைச்சியும் சோறும் போட்டார்கள் என்கிறார் போலோ. இல்லை, நெய்யில் வதக்கிய தானியமும் காய்ச்சிய பசும்பாலும் கொடுத்தார்கள் என்கிறார் வஸ்ஸாஃப். யார் சொன்னது நிஜமோ, குதிரைக்குப் புல் வேண்டும் என்பதில் ரெண்டு சமையல்காரர்களுக்குமே நம்பிக்கை இல்லை. கொட்டடியில் நடந்ததை நாம் கற்பனைதான் செய்ய முடியும்.

“அண்ணாச்சி, குதிரை சோத்தத் திங்கமாட்டேங்கு.”

“கறியப் போட்டுப் பெசஞ்சு வையும்வே. அரேபியாவுலேர்ந்து நம்ம ஊருக்கு வந்துட்டு பட்டினியா கெடக்கும்?”

“மூஞ்சியத் திருப்பிக்கிடுது.”

“கூச்சப்படுதுவே. புதுசுல்லா. இன்னும் ரெண்டு அகப்பை போடும்.”

நாற்பது நாள் முளையில் கட்டிப்போட்டுக் கொழுக்க வைப்பார்களாம். அதன்பின் பழக்குவது, நடை சொல்லிக்கொடுப்பது எதுவும் கிடையாது. அங்கவடிகூட இல்லாமல் வீரர்கள் பேய் மாதிரி ஏறி விரட்டுவார்கள் என்று வஸ்ஸாஃப் தலையில் அடித்துக்கொள்கிறார். பாய்ச்சலுக்குப் பேர்போன குதிரைகள் கொஞ்ச நாளிலேயே பலவீனமாகி, மந்தமாகி, முட்டாளாகவும் ஆகிவிட்டன என்பது அவர் குற்றச்சாட்டு. உடம்பு இளைத்தது சரி. அறிவும் போயிற்று என்பதுதான் இந்தப் பக்கத்துக்காரனான எனக்குக் கொஞ்சம் சுருக்கென்றது.

ஈராயிரத்தில் வருஷக் கடைசியில் நூறுகூட மிஞ்சாது என்கிறார் போலோ. குளம்பு பார்க்க, லாடம் அடிக்க ஆள் இல்லை. இங்கே ஆள் இல்லை என்பது மட்டுமல்ல, லாடக்காரர்கள் இந்தப் பக்கம் வந்துவிடாமல் குதிரை வியாபாரிகளே பார்த்துக்கொண்டார்களாம். குதிரை சாகாமல் இருந்தால் அடுத்த வருஷம் யார் வாங்குவார்கள்? சரி, இங்கேயே குட்டி போட வைத்தால் என்ன என்றும் முயன்றிருக்கிறார்கள். நல்ல ஆண் குதிரையும் நல்ல பெண் குதிரையும் சேர்ந்து, கால் கோணிய, ஏறி உட்கார லாயக்கில்லாத ஒரு ஜீவனைப் பெற்றுக் கொடுத்தன என்று போலோ எழுதுகிறார். கறிச்சோற்றுக்கு அவை எழுதிய பதில் அது.

பல்விளையாட்டுப் போட்டி என்று சொல்லிவிட்டுக் குதிரையோடு நின்றால் அநியாயம். நீர் விளையாட்டு இருந்தது: முத்துக்குளிப்பு. குளித்ததில் ராஜாவுக்குப் பத்தில் ஒரு பங்கு, சுறாக்களின் வாயை மந்திரத்தால் கட்டுகிறவருக்கு இருபதில் ஒரு பங்கு. மந்திரம் பகலுக்கு மட்டும்தான் செல்லும், பொழுது சாய்ந்தால் அவரே அவிழ்த்துவிடுவார். ராத்திரி திருட்டுத்தனமாகக் குதிக்கிறவன் சுறாவோடு நேரடியாகப் பேசிக்கொள்ள வேண்டும். வாள்சண்டையும் இருந்தது, அதன் தகுதிச்சுற்றுதான் விசேஷம். காயலில் எல்லோர் வாயிலும் எந்நேரமும் வெற்றிலை. யாரையாவது அவமானப்படுத்த வேண்டுமென்றால் முகத்தில் துப்புவார்கள். துப்பு வாங்கியவன் நேரே ராஜாவிடம் ஓடி, சண்டைக்கு அனுமதி கேட்பான். ராஜாவே வாளும் கேடயமும் கொடுப்பார், ஊரே கூடி வேடிக்கை பார்க்கும், ஒருவன் சாகும்வரை ஆட்டம் நடக்கும். வாளின் முனையால் குத்துவது மட்டும் ஃபவுல், வெட்டலாம். குதிரைக்கு விதி எழுத ஆளில்லாத ஊரில் எச்சிலுக்கு எவ்வளவு கச்சிதமான விதிப்புத்தகம்!

மதுரைக் கதையை இங்கே சொல்லாமல் விடுவதற்கில்லை. மாணிக்கவாசகர் ஒரு பாண்டியனுக்கு அமைச்சர். குதிரை வாங்கக் கொடுத்த பணத்தைத் திருப்பெருந்துறையில் கோயில் கட்டிச் செலவழித்துவிட்டார். சிவபெருமான் நரிகளைப் பரிகளாக்கி ஓட்டிவந்து கணக்கைச் சரிசெய்தார். ராத்திரியில் அவை மறுபடி நரிகளாகி, லாயத்திலிருந்த பழைய குதிரைகளையும் கடித்துவிட்டுக் காட்டுக்கு ஓடின. தணிக்கைக்காரர் கண்ணோடு பார்த்தால் கிஷ் வியாபாரத்தைவிட இது உத்தமம். கையிருப்பு பூஜ்யமாக ஒரு ராத்திரிதான் ஆயிற்று, கறிச்சோற்றுச் செலவு இல்லை, கோயில் ஒன்று மிச்சம்.

காயல் ஏசியாட்டின் நிறைவு விழாவை நடத்தியவர் டெல்லி சுல்தானின் தளபதி மாலிக் காஃபூர். குலசேகரரை மகன் சுந்தர பாண்டியனே கொன்றான் என்கிறார் வஸ்ஸாஃப். சுந்தரனும் வீர பாண்டியனும் அடித்துக்கொண்டிருந்த நேரம் பார்த்து, 1311-இல் டெல்லிப் படை வந்து மதுரை வரை வழித்துக்கொண்டு போயிற்று. கொள்ளையில் குதிரை 5,000 என்கிறார் அமீர் குஸ்ரோ. 20,000 என்கிறார் பரணி. ஆராய்ச்சியாளர்கள் இதற்காக மண்டையை உடைத்துக்கொள்ள வேண்டாம். ஒருவர் தலையை எண்ணினார், மற்றவர் காலை எண்ணினார். எப்படியோ, விருந்தில் தப்பியவை டெல்லி போய்ச் சேர்ந்தன. அவற்றுக்குச் சந்தோஷமாகத்தான் இருந்திருக்கும்.

பிறகு 671 வருஷம் கழித்து, 1982-இல், அதே டெல்லியில் குதிரையேற்றம் ஆசியப் போட்டிக்குள் முறைப்படி வந்தது. இந்தியாவுக்கு மூன்று தங்கம். ரகுபீர் சிங் ஷாஜாதா என்ற குதிரையில் ஈவென்டிங் தனிநபர் தங்கம், அணிக்கும் தங்கம், தரையில் அடித்த முளையை ஈட்டியால் குத்தித் தூக்கும் போட்டியில் ரூபிந்தர் சிங் பிராருக்கு ஒன்று. நம் ஆட்கள் குதிரையைக் கட்ட அடித்த முளைக்கும் விளையாட்டில் ஓர் உபயோகம் இருந்திருக்கிறது. அதற்குப் பிறகு தங்கம் வர 41 வருஷம். நடுவில் 2018-இல் பெங்களூர் ஃபவாத் மிர்சா ரெண்டு வெள்ளி கொண்டுவந்தார்.

2023 செப்டம்பர் 26. சீனாவில் ஹாங்சோ போட்டி, குதிரைகளுக்கான அரங்கம் தோங்லுவில். டிரெஸ்ஸாஜ் என்று ஒரு பிரிவு: குதிரை பாயாது, தாண்டாது, நிதானமாக நடைபோட்டு, நின்று, வளைந்து, ஏறக்குறைய பரதம் ஆடும், நடுவர்கள் ஒவ்வொரு அசைவுக்கும் பத்துக்கு இத்தனை என்று மார்க் போடுவார்கள். சுதீப்தி ஹஜேலா, திவ்யகிருதி சிங், ஹிருதய் சேடா, அனுஷ் அகர்வாலா அணி 209.205 எடுத்துத் தங்கம் வென்றது. சீனா ரெண்டாவது. பழக்காத குதிரையில் பேயாக ஏறிய தேசத்துக்கு, பழக்கத்துக்கென்றே உள்ள போட்டியில் தங்கம். வஸ்ஸாஃபுக்குத் தந்தி அடிக்க வசதியில்லை.

எப்படிச் சாதித்தார்கள்? குதிரையை வாங்கினார்கள், ஊருக்குக் கூட்டிவரவில்லை. ஐரோப்பாவிலேயே கொட்டில், ஐரோப்பியப் புல், ஐரோப்பிய லாடம். பிள்ளைகள் அங்கே போய் வருஷக்கணக்கில் கற்றுக்கொண்டார்கள். அங்கிருந்தே விமானம் ஏறி, பாஸ்போர்ட் காட்டி, மிருக வைத்தியர் முன் நடந்து காட்டிக் குதிரைகள் சீனா போயின. இந்தியாவிலிருந்து குதிரையை அப்படி அனுப்ப, நோயற்ற பகுதி என்ற சர்வதேச அங்கீகாரம் வேண்டும். மீரட் ராணுவக் கால்நடை மையத்துக்கு அது கிடைத்தது 2025-இல்தான். இதில் நாம் மட்டும் கெடுபிடி வாங்கவில்லை. 1956 ஒலிம்பிக் மெல்போர்னில் நடந்தபோது, வெளிநாட்டுக் குதிரைக்கான நீண்ட தனிமைக்காவல் விதியைத் தளர்த்தவே மாட்டோம் என்று ஆஸ்திரேலியா அடம்பிடித்ததால், குதிரைப் போட்டிகளை மட்டும் சில மாதம் முன்னதாக ஸ்வீடனில் ஸ்டாக்ஹோமில் வைத்து முடித்தார்கள்.

குலசேகரருக்கும் இந்த யோசனையை யாராவது சொல்லியிருக்கலாம். பத்தாயிரம் குதிரையையும் வாங்கி, கிஷ்ஷிலேயே மேயவிட்டு, வருஷத்துக்கு ஒரு தடவை பாண்டிய வீரர்கள் கப்பலேறிப் போய் ஆசை தீர ஏறி இறங்கிவிட்டு வந்திருந்தால் போதும். கொட்டில் வாடகைக்கு ஜமாலுத்தீன் தனியாக ஒரு பில் போடுவார், இங்கே தக்கியுத்தீன் அதைப் பாஸ் பண்ணுவார், அவ்வளவுதான் வித்தியாசம்.