லவ் பேர்ட்ஸ் நகங்களைதல்: ஒரு முன்னாய்வு

நம் ஊர்க் கடைகளில் லவ் பேர்ட்ஸ் என்று விற்கப்படுவது பெரும்பாலும் பட்ஜரிகர் என்னும் ஆஸ்திரேலியச் சிறுகிளியே. 1840இல் ஜான் கூல்ட் என்னும் பறவையியலார் அதை உயிருடன் இங்கிலாந்துக்குக் கொண்டுசென்றார். போன இடத்தில் அதற்கு நகம் வெட்டியவர் யார் என்று எவரும் ஆராயவில்லை. இவ்விடைவெளியை நிரப்பவே இக்கட்டுரை எழுந்தது. (எல்லா ஆய்வும் ஏதோ ஓர் இடைவெளியை நிரப்பவே எழுகிறது. நிரம்பிய இடைவெளியைக் கண்டவர் இலர்.)

காலுக்கு முன்விரல் இரண்டு, பின்விரல் இரண்டு. ஆக நகம் எட்டு. இதில் கருத்து வேறுபாடு இல்லாமையால் ஆய்வுக்கு இடமில்லை.

பறவையைப் பிடிப்பதில் இரு பள்ளிகள் உண்டு. வெறுங்கைப் பள்ளியார் தம் சான்றுகளை ஆள்காட்டி விரலில் கட்டுப்போட்டுப் பாதுகாத்து வருகின்றனர். துண்டுப் பள்ளியோ பிற்காலத்தில் பழந்துண்டினர், புதுத்துண்டினர், கட்சித்துண்டினர் என மூன்றாகப் பிளந்தது. கட்சித்துண்டினருக்குள் கரை நிறம் பற்றிய பூசல் இன்னும் ஓயவில்லை. பறவைக்கு அப்பேதம் கிடையாது. எல்லாக் கரையையும் கடிக்கும்.

துண்டு பற்றிய முதனூல் குமரிக்கண்டத்தோடு மூழ்கிற்று என்க. அம்மூழ்கிய நூலின் மூன்றாம் இயலும், அதற்கு எழுதப்படாத உரையும், அவ்வுரையின் ஓரத்தில் கரையான் தின்றதுபோக எஞ்சிய அரைக் குறிப்பும் 'சிறிய பருத்தித் துண்டு' என்றே ஒருமித்துச் சொல்கின்றன. இந்நூலைச் சரிபார்க்க விரும்புவோர் மூச்சடக்கப் பழகுதல் நலம். மூழ்கிய நூல்களைக் கொண்டே பதவி உயர்வு பெற்ற பெருமக்கள் இருக்கையில் அடியேன் ஒரு துண்டு பெறுவதில் தவறில்லை.

பறவைக்கு உதரவிதானம் இல்லை. மார்பெலும்பு அசைந்தால்தான் மூச்சு வரும். எனவே துண்டைத் தளரச் சுற்றி, தலையைப் பின்புறமிருந்து இரு விரல்களால் கன்னத்தோரம் தாங்க வேண்டும்; மார்பை ஒருபோதும் அழுத்தலாகாது. இதற்கு மேற்கோள் எதுவும் தரவில்லை, உண்மையாக இருப்பதால்.

நகத்தினுள் இரத்தக்குழாயும் நரம்பும் ஓடுகின்றன. வெளிர் நகத்தில் அவை இளஞ்சிவப்பாகத் தெரியும். நுனியை மட்டும் வெட்டலாம். கருநகத்தில் தெரியா. அங்கே துளித்துளியாகச் சீவுவது கைகண்ட முறை; முன்னுரையோடு நிறுத்திக்கொள்வது ஆய்வு மரபு. இரத்தம் கசிந்தால் சோளமாவை வைத்து அழுத்துக. நிற்காவிடில் கால்நடை மருத்துவரிடம் ஓடுக. சில பத்து கிராமே எடையுள்ள உயிருக்குச் சில சொட்டுகளும் பெரிது. நகம் அளவுமீறி வளர்ந்துகொண்டே போனாலும் அவரிடமே காட்டுக. ஈரல் நோயாகவும் இருக்கலாம்.

இனி மறுப்பாளர் கூற்று. வழவழப்பான ஒரே பருமன் குச்சியை எடுத்துவிட்டு, தடித்தும் மெலிந்தும் செல்லும் கொய்யாக் கிளையைக் கூண்டில் வைத்தால் நகம் ஓரளவு தானே தேயும் என்பர். உப்புத்தாள் சுற்றிய குச்சி உள்ளங்காலைப் புண்ணாக்கும் என்றும் எச்சரிப்பர். இவ்விரண்டும் சரியே. ஆனால் ஏற்றுக்கொண்டால் துண்டுப் பள்ளியின் மூன்று பிரிவுகளுக்கும் வேலை போய்விடும் என்பதால், இக்கூற்று பிற்சேர்க்கைக்கு மாற்றப்பட்டது. பிற்சேர்க்கை இடமின்மையால் அச்சேறவில்லை.