அரை நாள் க்ஷேத்திராடனம்

யெரெவான்,
ஞாயிற்றுக்கிழமை

அன்புள்ள சித்தப்பாவுக்கு,

இங்கே பனி விட்டுவிட்டது. ஒரு ஸ்வெட்டர் போதும் என்று ஊரே சந்தோஷமாக இருக்கிறது. நான் மட்டும் இரண்டோடு திரிகிறேன்.

நேற்று ஊருக்கு வெளியே அரை நாள் சுற்றுலா ஒன்று போய்வந்தேன். சைதாப்பேட்டையிலிருந்து நவக்கிரக வேன் நடத்தி அத்தனை மாமிகளுக்கும் புண்ணியம் சேர்த்துக்கொடுத்த உங்களிடம் சொல்லாமல் இதை வேறு யாரிடம் சொல்ல? தொழில்முறையில் ஒரு மதிப்பீடாகவே எழுதுகிறேன். போட்டி பலமா இல்லையா என்று நீங்களே பார்த்துக்கொள்ளுங்கள்.

போன இடம் எச்மியாட்சின். யெரெவானுக்கு மேற்கே இருபது கிலோமீட்டர்கூட இராது. ஆர்மீனியத் திருச்சபைக்குத் தலைமைப்பீடம் அங்கேதான். வழிகாட்டி, பேரன் பேத்தி எடுத்த ஓர் அம்மாள். கையில் மைக் கிடையாது, தேவையும் இல்லை. எல்லாவற்றையும் முதலில் ரஷ்ய மொழியில் சொல்லிவிட்டுப் பிறகு ஆங்கிலத்தில் சொன்னார். அதனால் ஒவ்வொரு நகைச்சுவைக்கும் வேனில் இரண்டு தவணையாகச் சிரிப்பு. முன் வரிசையில் ரஷ்யத் தம்பதி முதலில் சிரிப்பார்கள். ஒரு நிமிஷம் கழித்துப் பின்னால் நாங்கள் சிரிப்போம். நாங்கள் என்றால் ஓர் ஈரானியக் குடும்பம், துபாயில் வேலை பார்க்கும் ஃபிலிப்பைன்ஸ் நர்ஸ், அப்புறம் வழக்கப்படி இரண்டு மலையாளிகள். வளைகுடாவில் குடியிருப்பு அனுமதி இருந்தால் ஆர்மீனியாவுக்கு வருவது சுலபம், விட்டுவிடுவார்களா?

முதல் கோயில் புனித ஹிரிப்சிமே. 618இல் கட்டியது. வாசலில் என் கால் தன்னால் செருப்பைக் கழற்றப் பார்த்தது. இங்கே செருப்போடுதான் போகிறார்கள், தலையைத்தான் பெண்கள் மூடிக்கொள்கிறார்கள். உள்ளே சுவரெல்லாம் வெறும் கல். மேலே கூம்புக் கூரைக்குக் கீழிருக்கும் ஜன்னல்களிலிருந்து வெளிச்சம் சாய்ந்து விழுகிறது. பீடத்துக்கு அடியில் குனிந்து இறங்கினால் அந்தப் பெண்ணின் சமாதி.

கதையை அம்மாள் வெளியே வெயிலில் நிற்கவைத்துச் சொன்னார். ரோமாபுரியிலிருந்து தப்பி வந்த கன்னியரில் ஒருத்தி ஹிரிப்சிமே. அவளைக் கண்டு மயங்கிய திரிதாத் ராஜா கல்யாணம் கேட்டான். முடியாது என்றாள். அவளைக் கொன்றான், அவர்களுக்கு மூத்தவளாக இருந்த கயானேயையும், கூட வந்தவர்களையும் கொன்றான். பாவம் பிடித்தது. புத்தி பேதலித்துப் பன்றியாகக் காட்டில் அலைந்தான். ராஜாவின் சகோதரிக்குக் கனவு வந்தது: குழியில் தள்ளினீர்களே கிரிகோர், அவரைத் தூக்கி வாருங்கள், அவர்தான் மருந்து. பதின்மூன்று வருஷமாகப் பாம்பும் தேளும் இருக்கும் குழியில் கிடந்த மனிதர். ஒரு விதவை ரகசியமாக ரொட்டி போட்டுவந்ததில் உயிர் தங்கியிருந்தது. வந்தார், குணப்படுத்தினார், ராஜா ஞானஸ்நானம் பெற்றான், நாடும் கூடவே பெற்றது. மரபுப்படி வருஷம் 301. கிறித்தவத்தை அரசு மதமாக ஏற்ற முதல் நாடு நாங்கள்தான் என்று முடித்தார்.

எனக்கு அங்கேயே மதுரை வந்துவிட்டது. கூன்பாண்டியனுக்கு வெப்பு நோய், மங்கையர்க்கரசி ஆளனுப்பிச் சம்பந்தரை வரவழைத்தது, திருநீறு, எல்லாம் அதே வரிசை. ராஜாவுக்கு உடம்பு சரியில்லை என்றால் ஜனங்கள் அடுத்த மதத்துக்குத் தயாராகிவிட வேண்டியதுதான். காளவாயில் ஏழு நாள் இருந்த நம் அப்பர் பெருமான், பதின்மூன்று வருஷத்துக்கு முன்னால் சின்னக் கணக்குதான். ஆனால் சுண்ணாம்புச் சூட்டையும் சேர்த்துப் பார்க்க வேண்டும்.

மலையாளிகளில் மூத்தவர் கையைத் தூக்கினார். "எங்கள் ஊருக்கு 52இலேயே தோமா வந்தாச்சே?" அம்மாள் அசரவில்லை. "உங்கள் ராஜா மாறினாரா?" மலையாளி கையை இறக்கிக்கொண்டார். ஒரு மலையாளியைக் கேள்வி கேட்டு உட்காரவைத்த வழிகாட்டிக்கு நீங்கள் எத்தனை மார்க் போடுவீர்கள்?

இதில் வேடிக்கை என்னவென்றால், கயானே கோயிலுக்குப் போனால் வாசலில் கல்யாணக் கூட்டம். ஒரு மணப்பெண் கவுனைத் தூக்கிப் பிடித்தபடி வெளியே வருகிறாள். அடுத்தவள் காரிலேயே காத்திருக்கிறாள். அவளுக்கும் பின்னால் ஹாரன் அடித்துக்கொண்டு இன்னொரு கார். நம் ஊரில் ஆவணி மாத முகூர்த்த நாளன்று இருக்குமே, அதே நெரிசல். கல்யாணம் வேண்டாம் என்று சொன்ன பெண்ணோடு சேர்ந்து உயிரைவிட்ட கன்னிக்குக் கட்டிய கோயிலில் இத்தனை கல்யாணமா என்று அம்மாளிடம் கேட்டேன். "அதனால்தான். பெண் முடியாது என்றால் என்ன ஆகும் என்று மாப்பிள்ளைக்குத் தெரிய வேண்டும் அல்லவா?" என்றார். இந்தத் தடவை ரஷ்யக்காரர் சிரிக்கவில்லை, அவர் மனைவி மட்டும் சிரித்தார்.

நடுவில் உள்ளதுதான் தாய்க்கோயில். முதலில் எழுந்தது 301-303இல் என்பது மரபு. கிரிகோரின் தரிசனத்தில் கிறிஸ்துவே இறங்கி வந்து பொற்சுத்தியலால் தரையில் தட்டி இடம் காட்டினாராம். பல வருஷம் சாரம் கட்டிப் பழுதுபார்த்து 2024 செப்டம்பரில்தான் மறுபடி திறந்திருக்கிறார்கள். நம் கணக்கில் கும்பாபிஷேகம் ஆன கோயில். 1950களில் அகழ்ந்தபோது பீடத்துக்கு அடியில் பழைய அக்கினிக் குண்டம் ஒன்று கிடைத்தது. கிறித்தவத்துக்கு முன்னால் அங்கே நெருப்பை வழிபட்டிருக்கிறார்கள். இதை அம்மாள் மறைக்கவும் இல்லை, குரலைத் தாழ்த்தவும் இல்லை. "நல்ல இடத்தை யார் விடுவார்கள்?" அவ்வளவுதான்.

உள்ளே ஒல்லியான தேன்மெழுகு வத்திகளை மணல் பரப்பிய தட்டுகளில் குத்திவைக்கிறார்கள், நானும் ஒன்று ஏற்றினேன். வெளியே வரும்போது பீடத்துக்கு முதுகு காட்டக்கூடாதென்று பெரியவர்கள் பின்னோக்கியே நடந்து வருகிறார்கள். பழக்கப்பட்டவர்கள் வாசற்படிவரை அலுங்காமல் வந்துவிடுகிறார்கள். அதைப் பார்த்துத் தானும் முயன்ற நர்ஸ், மெழுகுவத்தி வாங்க நின்ற ஈரானியத் தாத்தா மேல் மோதி, இருவரும் ஒருவரிடம் ஒருவர் மூன்று மொழிகளில் மன்னிப்புக் கேட்டுக்கொண்டார்கள்.

முரோன் என்று ஒரு புனிதத் தைலம். ஏழு வருஷத்துக்கு ஒருமுறை நாற்பதுக்கும் மேற்பட்ட மூலிகை, பூக்களைச் சேர்த்துக் காய்ச்சுகிறார்கள். ஒவ்வொரு முறையும் பழைய தைலத்தில் கொஞ்சம் புதியதில் கலக்கிறார்கள், சித்தி ராத்திரி பாலில் உறைமோர் விடுவது மாதிரி. அப்படிப் பார்த்தால் கிரிகோர் காலத்துத் துளி இன்னும் அதில் இருக்கிறது. தைலத்தை ஆசீர்வதிக்கும்போது அவருடைய வலக்கை எலும்பு வைத்த வெள்ளிக் கையைக் கொண்டுவருகிறார்கள்.

அருங்காட்சியகத்தில் கண்ணாடிக்குப் பின்னால், வெள்ளிப் பேழையில் ஓர் ஈட்டி முனை. சிலுவையில் கிறிஸ்துவின் விலாவைக் குத்திய ஈட்டி என்றும், தாதேயு கொண்டுவந்தது என்றும் நம்பிக்கை. அந்த விலாக் காயத்தைத் தொட்டால்தான் நம்புவேன் என்றவர் நம் பரங்கிமலைத் தோமா. அந்த மலையிலேயே ஈட்டி பாய்ந்து அவர் உயிர்விட்டார் என்பதும் ஐதீகம். அதை அம்மாளிடம் சொன்னபோது பேச்சுவாக்கில் "நான் மதராஸ்" என்று வாய்விட்டேன்.

அவ்வளவுதான் சித்தப்பா, சுற்றுலா நின்றுபோயிற்று. "மதராஸ்! மதராஸ்!" என்று என் கையைப் பிடித்துக்கொண்டார். உலகின் முதல் ஆர்மீனியப் பத்திரிகையான 'அஸ்தராரை' 1794இல் ஹாருத்யுன் ஷ்மாவோன்யான் பாதிரியார் நம் ஊரில்தான் அச்சிட்டார். இங்கே பள்ளிக்கூடப் பிள்ளைக்கும் தெரியுமாம். இந்த எச்மியாட்சினிலேயே 1771இல் அச்சுக்கூடம் வந்ததும் மதராஸில் இருந்த ஆர்மீனிய வணிகர் ஒருவரின் பணத்தில். இதையெல்லாம் அம்மாள் இரண்டு மொழிகளிலும் அறிவித்து, எல்லோர் முன்னாலும் எனக்கு நன்றி சொன்னார். நானும், ஏதோ வீட்டுப் பீரோவிலிருந்து எடுத்துக் கொடுத்தவன் மாதிரி, "பரவாயில்லை" என்றேன். ரஷ்யத் தம்பதி என்னோடு படம் எடுத்துக்கொண்டார்கள். மலையாளிகளின் முகத்தைப் பார்த்திருக்க வேண்டும்.

பதிலுக்கு நானும் விடவில்லை. அரண்மனைக்காரத் தெருவில் ஆர்மீனியர்களுடைய கோயில் இருப்பதையும், ஆர்மீனிய வணிகர் கோஜா பெட்ரூஸ் உஸ்கான் 1726இல் அடையாற்றுக்குக் குறுக்கே நம் சைதாப்பேட்டையில் பாலம் கட்டியதையும், பரங்கிமலைக்குப் படி போட்டதையும் சொன்னேன். அவர் கட்டிய மர்மலாங் பாலம் போய், 1960களில் மறைமலையடிகள் பாலம் வந்துவிட்டது என்றதும் அம்மாளுக்கு வருத்தம். "கல்வெட்டாவது இருக்கிறதா?" என்று கேட்டார்.

சாப்பாடு பற்றிச் சுருக்கமாக. இங்கேயும் நேர்ந்துகொண்டு கிடா வெட்டுகிறார்கள். மதாக் என்று பெயர். உப்பை ஆசீர்வதித்து முதலில் ஆட்டுக்கு ஊட்டுகிறார்கள், கறியை ஏழை எளியவருக்கும் அக்கம்பக்கத்துக்கும் பங்கிடுகிறார்கள். ஆனால் கறியில் அந்த உப்பைத் தவிர ஒன்றும் கிடையாது, வெறும் தண்ணீரில் வேகவைப்பது. நம் முனீஸ்வரர் பொறுத்துக்கொள்ள மாட்டார். நாங்கள் சாப்பிட்டது லவாஷ் ரொட்டியும் கீரையும் பாலாடைக்கட்டியும்தான். குடிக்கத் 'தான்' என்று ஒன்று வந்தது. அது மோர். உப்புப் போட்ட, சுத்தமான மோர்! இரண்டு தம்ளர் குடித்தேன்.

கடைசி இடம் ஸ்வார்த்னோத்ஸ். 7ஆம் நூற்றாண்டில் மூன்றாம் நெர்செஸ் கட்டிய வட்டக் கோயில். 10ஆம் நூற்றாண்டில் இடிந்துபோனது, பூகம்பம் என்கிறார்கள். 20ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் மண்ணைத் தோண்டி எடுத்தபோது, கிடந்த கற்களை வைத்து மூன்றடுக்குக் கோயில் இது என்று தோரோஸ் தோராமன்யான் படம் வரைந்தார். நிற்கவே நிற்காது என்று மற்ற நிபுணர்கள் கேலி செய்தார்கள். அப்போதுதான் ஆனி நகரத்தில், ஸ்வார்த்னோத்ஸைப் பார்த்துக் கட்டிய இன்னொரு கோயிலின் இடிபாட்டில், அதைக் கட்டிய காகிக் ராஜாவின் சிலை கிடைத்தது. ராஜாவின் கையில் கோயிலின் மாதிரி. மூன்று அடுக்கு! இந்தக் கதையைச் சொல்லும்போது அம்மாள் தன் பிள்ளை பரீட்சையில் முதலாவதாக வந்ததைச் சொல்வது போலவே சொன்னார்.

தூண்களுக்குப் பின்னால் அராரத் மலை, 5,137 மீட்டர், உச்சி வெள்ளையாக. மலை துருக்கியில் இருக்கிறது. எல்லையை 1993இல் மூடியவர்கள் இன்னும் சரியாகத் திறக்கவில்லை. உங்கள் நாட்டில் இல்லாத மலையை ஏன் அரசு முத்திரையில் போட்டீர்கள் என்று துருக்கிக்காரர்கள் கேட்டதற்கு, உங்கள் கொடியில் நிலா இருக்கிறதே, அது உங்கள் நாட்டிலா இருக்கிறது என்று பதில் போனதாக இங்கே ஒரு கதை. எல்லா வழிகாட்டிகளும் சொல்வார்கள் போல. டிரைவர் வாயசைத்துக்கொண்டே கேட்டார்.

மதிப்பீடு: கதை சொல்வதில் உங்களுக்குச் சமம். ஆள் எண்ணுவதில் உங்களைவிட மேல், ஒருவரையும் எங்கேயும் விட்டுவிட்டு வரவில்லை. கும்பகோணம் பாத்திரக் கடையில் நீங்கள் நிறுத்துவது போல இங்கேயும் உலர்பழக் கடையில் நிறுத்தினார். நீங்கள் 'கமிஷன் இல்லை' என்பீர்கள், இவர் அதுகூடச் சொல்லவில்லை.

ஒரு வேலை இருக்கிறது. சைதாப்பேட்டைப் பாலத்தருகே அந்தக் கல்வெட்டைத் தேடிப் படம் எடுத்து அனுப்புங்கள். அம்மாளுக்கு வாக்குக் கொடுத்துவிட்டேன். ஞாயிறு காலையில் போனால் வண்டி குறைவாக இருக்கும். அங்கே நிற்பவர்களைக் கூட்டி வைத்துக்கொண்டு கதை சொல்ல ஆரம்பித்துவிடாதீர்கள், சித்தி தேடுவாள்.

உங்கள் அன்புப் பிள்ளை

பி.கு.: மெழுகுவத்தி ஏற்றியதைப் படித்துவிட்டுச் சித்தி கேட்பாள். மதமெல்லாம் மாறவில்லை என்று சொல்லுங்கள். பருப்புப்பொடி தீர்ந்துவிட்டது என்பதையும் அப்போதே சொல்லிவிடுங்கள்.